அமானோஹஷிடாதே, இனே: ஜப்பானின் கடலோர ஊர்களுக்கு ஒரு நாள் சுற்றுலா – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கியோட்டோ என்றதும் கோயில்களும் மூங்கில் காடும்தான் நினைவுக்கு வருகின்றன. அந்த மாகாணத்துக்குக் கடற்கரையும் உண்டு. நகரத்தில் இருந்து வடக்கே பஸ்ஸில் இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாகப் போனால் ஜப்பான் கடல் வந்துவிடும். நான் அங்கே இரண்டு முறை வழிகாட்டியுடன் பஸ்ஸிலும், ஒரு முறை ரயில் பிடித்துத் தனியாகவும் போயிருக்கிறேன். அதன்பிறகு நண்பர்களும் உறவினர்களும் கேட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன்.

இந்த டூரில் எந்தெந்த ஊர்களைக் காட்டுவார்கள்?

அமானோஹஷிடாதே, இனே என்ற இரண்டும் கட்டாயம் இருக்கும். முதலாவது மியாஸு நகரில் கடலுக்கு நடுவே பைன் மரங்களோடு ஓடும் மணல்திட்டு. இரண்டாவது, வீட்டுக்கு அடியிலேயே படகை நிறுத்தும் மீனவர் ஊர். சில டூர்களில் மியாமா என்ற கூரைவீட்டுக் கிராமத்தையும் சேர்ப்பார்கள். அது மலைக்குள் இருக்கிறது, கடலோரம் அல்ல. மூன்றையும் ஒரே நாளில் அடைத்தால் எல்லா இடத்திலும் அரைகுறைதான்.

ரயிலில் நாமே போய்வர முடியாதா? வழிகாட்டி எதற்கு?

முடியும். கியோட்டோ நிலையத்தில் இருந்து ‘ஹஷிடாதே’ என்ற விரைவு ரயில் சுமார் இரண்டு மணி நேரத்தில் அமானோஹஷிடாதேயில் விடும். சிக்கல் அதற்கு அப்புறம்தான். இனேவுக்கு ரயில் கிடையாது. உள்ளூர் பஸ்ஸில் இன்னும் ஒரு மணி நேரம் போக வேண்டும், அந்த பஸ்ஸும் அடிக்கடி வராது. ஒன்றைத் தவறவிட்டால் அன்றைய திட்டமே கலைந்துவிடும். ஒரே நாளில் இரண்டு ஊரையும் பார்த்துவிட்டு இரவுக்குள் திரும்ப வேண்டும் என்றால் டூர் பஸ்தான் நிம்மதி. 2015இல் கியோட்டோ ஜூகான் விரைவுச்சாலை முழுவதும் திறந்த பிறகு இந்தப் பயணம் இன்னும் எளிதாகிவிட்டது.

வழிகாட்டியால் இன்னொரு பயனும் உண்டு. இனேவில் விளக்கப் பலகைகள் அதிகம் இல்லை. சொல்லித்தர ஆள் இல்லாவிட்டால் அது வரிசையாகப் பழைய மரவீடுகள் நிற்கும் ஓர் ஊர் என்ற அளவில் நின்றுவிடும்.

நிறைய டூர்கள் இருக்கின்றன. எப்படித் தேர்ந்தெடுப்பது?

‘ஒரே நாளில் ஆறு இடங்கள்’ என்று போட்டிருந்தால் யோசியுங்கள். நான் முதலில் போன டூரில் இனேவுக்கு நாற்பது நிமிடம் கொடுத்தார்கள். படகில் இருபத்தைந்து நிமிடம், கழிப்பறை வரிசையில் பத்து நிமிடம், மீதி ஐந்து நிமிடத்தில் ஓர் ஊரை என்ன பார்ப்பது? மனது ஆறாமல்தான் மறுமுறை போனேன்.

புக்கிங் செய்யும் முன் மூன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள். இனேவில் படகுச் சவாரி தவிர்த்து நடந்து பார்க்க எவ்வளவு நேரம்? குறைந்தது ஒரு மணி நேரம் வேண்டும். படகுக் கட்டணம், மலையேறும் கேபிள் கார் கட்டணம், மதிய உணவு இவற்றில் எது எது விலைக்குள் அடங்கும்? பஸ் கியோட்டோவில் கிளம்புகிறதா, ஒசாகாவில் கிளம்பி கியோட்டோவில் ஆள் ஏற்றுகிறதா? ஒசாகாவில் தங்கியிருப்பவருக்குக் கடைசிக் கேள்வி முக்கியம், காலையிலும் இரவிலும் ஒரு மணி நேரம் அதில் அடங்கியிருக்கிறது.

விலை பெரும்பாலும் ஓர் ஆளுக்கு 10,000 யென்னைச் சுற்றி இருக்கும். குறைந்தபட்ச ஆட்கள் சேராவிட்டால் சில நாட்களுக்கு முன்பே ரத்து செய்துவிட்டுப் பணத்தைத் திருப்பித் தருவது அங்கே வழக்கம். அதனால் பயணத்தின் கடைசி நாளுக்கு இதை வைக்காதீர்கள், மாற்று நாள் இல்லாமல் போய்விடும்.

அமானோஹஷிடாதேயில் அப்படி என்ன விசேஷம்?

ஜப்பானியர்கள் தங்கள் நாட்டின் மிக அழகிய மூன்று காட்சிகள் என்று ஒரு பட்டியல் வைத்திருக்கிறார்கள். மியாகி மாகாணத்து மட்சுஷிமா, ஹிரோஷிமா பக்கத்து மியாஜிமா, மூன்றாவது இது. 1643இல் ஹயாஷி காஹோ என்ற கன்பூசிய அறிஞர் எழுதிவைத்ததில் இருந்து இந்த மூன்றும் நிலைத்துவிட்டன.

பெயருக்கு ‘வானத்துப் பாலம்’ என்று பொருள் சொல்லலாம். இஸானாகி என்னும் கடவுள் வானுக்கும் பூமிக்கும் போய்வர ஓர் ஏணி வைத்திருந்தாராம். அவர் தூங்கும்போது அது சரிந்து கடலில் விழுந்து இந்த நிலமானது என்பது பழங்கதை. சுமார் 3.6 கிலோமீட்டர் நீளம். அகலம் சில இடங்களில் 20 மீட்டர்தான். இரண்டு பக்கமும் தண்ணீர், நடுவே ஆயிரக்கணக்கான பைன் மரங்கள். ஒரு பக்கம் மியாஸு வளைகுடா, மறுபக்கம் அமைதியான ஆசோ உள்கடல்.

மணல் எப்படி இங்கே வந்து குவிந்தது என்று கேட்டால், வடக்கே உள்ள ஆறுகள் மலையில் இருந்து கொண்டுவந்து கொட்டியதைக் கடல் நீரோட்டம் கரையோரமாகவே தள்ளிவந்தது. உள்கடலில் இருந்து வரும் ஆற்றுநீர் எதிர்ப்பக்கம் தள்ள, இரண்டும் சந்தித்த கோட்டில் மணல் படிந்தது. பிற்காலத்தில் மலைச்சரிவுகளில் மண்தடுப்புகளும் கரையில் துறைமுகக் கட்டுமானங்களும் வந்தபோது மணல் வரத்து குறைந்து திட்டு கரையத் தொடங்கியது. 1980களில் இருந்து வடக்கே தேங்கும் மணலை எடுத்துவந்து இங்கே போட்டுக் காப்பாற்றி வருகிறார்கள். மேலிருந்து பார்க்கும்போது ஒரு கரை ரம்பப் பல் போல வளைந்து வளைந்து தெரியும். மணலைப் பிடித்துவைக்கக் கட்டிய சிறு தடுப்புகளால் வந்த வடிவம் அது. 2004இல் அடித்த ஒரு புயலில் 200க்கும் மேற்பட்ட மரங்கள் விழுந்தன. தானாகவே நிற்கும் இயற்கை அழகு என்று நினைத்துக்கொண்டுதான் நானும் போனேன். ஓர் ஊரே சேர்ந்து மண் சுமந்து நிறுத்திவைத்திருக்கிறது என்று தெரிந்த பிறகு எனக்கு அதன் மேல் பிரியம் கூடிவிட்டது.

குனிந்து கால்களுக்கு நடுவே பார்க்கச் சொல்கிறார்களே, அது எதற்கு?

அதற்கு மதானோஸோகி என்று பெயர். காட்சிக்கு முதுகைக் காட்டி நின்று, காலை அகட்டிக் குனிந்து பார்த்தால் வானமும் கடலும் இடம் மாறி, மணல்திட்டு வானத்துக்கு ஏறும் பாலம் போலத் தெரியும். வடக்குக் கரையில் கசமட்சு பூங்கா, தெற்கே வியூலேண்ட் என்று இரண்டு மலைமேடைகள் உண்டு. தெற்கில் இருந்து பார்த்தால் பறக்கும் டிராகன், வடக்கில் இருந்து பார்த்தால் மேலெழும் டிராகன் என்பார்கள். தலைசுற்றல், ரத்த அழுத்தம் உள்ளவர்கள் குனிய வேண்டாம். நிமிர்ந்து நின்று பார்த்தாலும் மனதை அள்ளும் காட்சிதான்.

மணல்திட்டில் நடக்க நேரம் கிடைக்குமா?

முழுவதும் நடக்க ஐம்பது நிமிடம் ஆகும். வாடகைச் சைக்கிளில் இருபது நிமிடம். டூரில் பெரும்பாலும் ஏதாவது ஒரு கரையில் இறக்கி, அங்கேயே மலையேறிப் பார்த்துவிட்டு வரச் சொல்வார்கள். தெற்குக் கரையில் இறக்கினால் முழு நீளமும் போக முயலாமல் நடுவில் இருக்கும் இஸோஷிமிஸு கிணறு வரை போய்த் திரும்புங்கள். இரண்டு பக்கமும் கடல் சூழ்ந்த இடத்தில் உப்பில்லாத நீர் ஊறும் கிணறு அது. இப்போது அந்த நீரைக் குடிக்கக் கூடாது, கை நனைக்கலாம்.

போகும் வழியில் ஒரு சிறு பாலம் வரும். படகு வந்தால் அந்தப் பாலம் அப்படியே கிடைமட்டமாகத் திரும்பி வழிவிடும். பாம்பன் பாலம் திறப்பதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது பிடிக்காமல் போகாது.

பாலத்துக்குப் பக்கத்திலேயே சியோன்ஜி கோயில். இங்கே இருப்பவர் மோன்ஜு, அதாவது நம் பௌத்த மரபில் மஞ்சுஸ்ரீ, அறிவுக்கு உரிய போதிசத்துவர். பரீட்சை எழுதும் பிள்ளைகளுக்காகப் பெற்றோர் வந்து வேண்டிக்கொள்வார்கள். குறி சொல்லும் சீட்டுகள் சின்ன விசிறி வடிவில் இருக்கும். அவற்றைப் பைன் கிளைகளில் கட்டிவிடுவார்கள். காற்றில் நூற்றுக்கணக்கான விசிறிகள் ஆடுவதைப் பார்க்கவே பத்து நிமிடம் ஒதுக்கலாம்.

இனே வீடுகளைப் படத்தில் பார்த்திருக்கிறேன். தண்ணீருக்குள்ளேயே வீடு கட்டினால் அலை அடித்துக்கொண்டு போகாதா?

இந்தக் கேள்விக்கான பதிலில்தான் அந்த ஊரே இருக்கிறது.

இனே வளைகுடா தெற்கு நோக்கித் திறந்திருக்கிறது. ஜப்பான் கடலின் பெரிய அலைகள் வருவது வடக்கில் இருந்தும் மேற்கில் இருந்தும். அவற்றை மலை மறைத்துவிடுகிறது. வளைகுடாவின் வாயில் அஓஷிமா என்ற தீவு அலைத்தடுப்பு போலக் குறுக்கே கிடக்கிறது. இதற்கெல்லாம் மேலாக, ஜப்பான் கடலில் ஓதம் மிகக் குறைவு. இனேவில் கடல் மட்டம் ஏறி இறங்குவது ஆண்டு முழுவதும் பார்த்தாலும் சுமார் 50 சென்டிமீட்டர்தான். நம் கடற்கரையில் வள்ளத்தைக் கரைக்கு இழுத்துப்போட எத்தனை பேர் வேண்டும் என்று பார்த்தவர்களுக்கு இதன் அருமை புரியும். இங்கே படகு நேராக வீட்டுக்குள் வந்துவிடுகிறது.

இந்த வீடுகளுக்குப் பெயர் ஃபுனாயா, படகுவீடு என்று பொருள். சுமார் 5 கிலோமீட்டர் கரையைச் சுற்றி ஏறக்குறைய 230 இருக்கின்றன. கீழ்த்தளம் கடலை நோக்கித் திறந்து, தரை தண்ணீருக்குள் சரிந்து இறங்கும். மரப்படகு மழையிலும் பனியிலும் கிடந்தால் உளுத்துப்போகும், அதனால் கூரைக்குள் ஏற்றி உலர வைத்தார்கள். மேல்தளம் வலை, கயிறு வைக்க. குடும்பம் வசிக்கும் பெரிய வீடு தெருவுக்கு எதிர்ப்பக்கம், மலையடியில் இருக்கும். அந்தத் தெருவே 1930களில் தொடங்கி அகலப்படுத்தியதுதான். அதற்கு முன் இரண்டுக்கும் நடுவே முற்றம்தான் இருந்தது, பக்கத்து வீட்டுக்குப் போகவே படகுதான்.

இன்று ஃபைபர் படகுகள் பெரிதாகிவிட்டதால் பல வீடுகளுக்குள் நுழையாது, வாசலில் கட்டியிருக்கும். ஆனாலும் வீட்டின் முன் தண்ணீரில் கூண்டுப்பொறி இறக்கி, மீன் கழிவை இரையாக வைத்துப் பிடிப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். 2005இல் இந்தப் பகுதியை ஜப்பான் அரசு பாரம்பரியக் கட்டடங்களின் பாதுகாப்பு மண்டலமாக அறிவித்தது. மீனவர் ஊர் ஒன்றுக்கு இந்த மதிப்பு கிடைத்தது அதுவே முதல் முறை.

வீடுகளுக்குள் போய்ப் பார்க்கலாமா?

எல்லாவற்றிலும் கூடாது. அவை ஆட்கள் வாழும் வீடுகள். நகரம் முழுவதும் சேர்ந்தே சுமார் 2,000 பேர்தான் இருக்கிறார்கள், பலர் வயதானவர்கள். ஒரு பஸ்ஸில் நாற்பது பேர் இறங்கி, திறந்திருக்கும் கதவு வழியாகக் கேமராவை நீட்டினால் அவர்களுக்கு எப்படி இருக்கும்? இரண்டு வீடுகளுக்கு இடையே கடல் தெரிகிறது என்று சந்துக்குள் நுழைவதும் இதே தவறுதான், அந்தச் சந்து வீட்டுக்காரருக்குச் சொந்தம். துணி உலர்த்துபவரையும் மீன் கழுவும் பாட்டியையும் கேட்காமல் படம் எடுக்காதீர்கள். கேட்டால் பெரும்பாலும் தலையசைத்துச் சிரிப்பார்கள். ‘கொன்னிச்சிவா’ என்று ஒரு வணக்கம் சொல்லிவிட்டு நடந்தாலே அந்தத் தெருவின் முகம் மாறுவதை நான் பார்த்திருக்கிறேன்.

உள்ளே பார்க்க வேண்டும் என்றால், பார்வையாளருக்காகத் திறந்துவைத்த சில ஃபுனாயாக்கள், காபிக்கடையாகவும் விடுதியாகவும் மாறியவை இருக்கின்றன. வழிகாட்டியிடம் கேளுங்கள், கூட்டிப்போவார். டிரோன் பறக்கவிட வேண்டாம்.

படகுச் சவாரி தேவையா?

தேவை. தெருவில் இருந்து பார்த்தால் வீடுகளின் முதுகுதான் தெரியும், அவற்றின் முகம் கடலைப் பார்த்து இருக்கிறது. சுற்றுலாப் படகு வளைகுடாவை ஒரு சுற்று சுற்றும். கடற்பறவைகள் கூடவே பறந்துவரும், இறால் வறுவலை நீட்டினால் கையில் இருந்தே கொத்திப்போகும். கரும்பருந்துகளும் வரும், நம் ஊர்க் கரும்பருந்தின் இனமேதான். குழந்தைகள் கையில் தின்பண்டம் இருந்தால் கவனம். காற்று பலமானால் படகு நிறுத்தப்படும். கையில் நேரம் இருந்தால், உள்ளூர் மீனவர்கள் ஓட்டும் சிறிய கடல் டாக்ஸி இன்னும் நல்லது. வீடுகளின் வாசல் வரை போகும்.

நாங்கள் சைவம். மதியச் சாப்பாட்டுக்கு என்ன செய்வது?

உண்மையைச் சொல்லிவிடுகிறேன், கஷ்டம்தான். மீன் துண்டு இல்லாவிட்டாலும் மீன்சாறு இருக்கும். உடோன், சோபா நூடுல்ஸின் சாறு, மிசோ சூப், காய்கறிக் கூட்டு எல்லாவற்றுக்கும் அடிப்படை தாஷி என்ற சாறு. அதில் கட்ஸுவோபுஷி என்ற உலர்த்திய சூரைமீன் சீவல் சேரும். மாசிக் கருவாடு தெரிந்தவர்களுக்கு, கிட்டத்தட்ட அதேதான். ‘மீன் வேண்டாம்’ என்று சொன்னால் மேலே இருக்கும் மீனை எடுத்துவிடுவார்கள், சாறு அப்படியே இருக்கும்.

ஆகவே மதிய உணவு சேராத டூராக எடுத்து, கியோட்டோவிலோ ஒசாகாவிலோ இருந்து கட்டுச்சாதம் கொண்டுபோங்கள். புளியோதரையும் எலுமிச்சைச் சாதமும் இந்தப் பயணத்துக்கு ஏற்றவை. பஸ்ஸுக்குள் மணம் பரவும் உணவைத் திறக்காமல், மணல்திட்டில் பைன் நிழலில் உட்கார்ந்து சாப்பிடுங்கள். சியோன்ஜி வாசலில் சியே நோ மோச்சி விற்கும் கடைகள் உண்டு. மெத்தென்ற அரிசி மாவுருண்டை மேல் சிவப்புப் பயறு இனிப்பு. சாப்பிட்டால் புத்தி வளரும் என்று நம்பிக்கை. சைவர்கள் தயங்காமல் கேட்டு வாங்கலாம்.

சொல்ல வேண்டிய வாக்கியம்: ‘நிகு தோ சகனா வா தபேமசென்.’ இறைச்சியும் மீனும் சாப்பிட மாட்டேன் என்று பொருள்.

மீன் சாப்பிடுபவர்களுக்கு?

கொண்டாட்டம். ஆசோ உள்கடல் மட்டிச் சோறு ஆண்டு முழுவதும் கிடைக்கும். குளிர்காலத்தில் இனேவின் புரி மீன் கொழுப்பேறி இருக்கும், மெல்லிய துண்டைக் கொதிக்கும் சாற்றில் ஒருமுறை அலசிச் சாப்பிடுவார்கள். நவம்பர் தொடக்கத்தில் இருந்து மார்ச் வரை நண்டுக் காலம், விலை கையைச் சுடும். பச்சை மீன் பழக்கம் இல்லாதவர்கள் சுட்ட மீன் கேளுங்கள்.

எந்த மாதம் நல்லது?

ஏப்ரல் நடுப்பகுதி, மே இரண்டாம் வாரத்துக்குப் பிறகு, அக்டோபர். ஏப்ரல் கடைசியில் தொடங்கும் விடுமுறை வாரத்தையும் ஆகஸ்ட் நடுவில் முன்னோரை நினைத்துக் கொண்டாடும் ஓபோன் நாட்களையும் தவிர்த்துவிடுங்கள், சாலை நகராது. ஜூனிலும் ஜூலை முற்பாதியிலும் மழைக்காலம். பனி மூடிய அமானோஹஷிடாதே கண்கொள்ளாக் காட்சி, ஆனால் சாலை தாமதத்துக்குத் தயாராக இருக்க வேண்டும்.

இந்தத் தாங்கோ பகுதியில் ஒரு சொல்வழக்கு உண்டு: ‘சோற்றுப்பெட்டியை மறந்தாலும் குடையை மறக்காதே.’ இலையுதிர்காலக் கடைசியில் வெயிலும் மழையும் அரை மணிக்கொரு முறை மாறும். மடக்குக் குடை ஒன்று பையில் இருக்கட்டும்.

அம்மாவுக்கு முழங்கால் வலி. கூட்டிப் போகலாமா?

தாராளமாக. வடக்குக் கரையில் மலையேற கேபிள் கார் இருக்கிறது, பழனியில் நாம் வின்ச் என்கிறோமே, அதே வகை. தெற்கில் மோனோரயில் உண்டு. ஒற்றை நாற்காலி லிஃப்ட் ஓடிக்கொண்டே இருக்கும், தாவி உட்கார வேண்டும். அம்மாவுக்கு அது வேண்டாம். இனே தெரு ஏறக்குறைய சமதளம். பெரிய பஸ்களில் தள்ளுநாற்காலி ஏற்றும் வசதி எல்லாவற்றிலும் இருக்காது, முன்கூட்டியே எழுதிக் கேளுங்கள்.

பஸ்ஸில் கழிப்பறை இருக்குமா?

பெரும்பாலும் இருக்காது. வழியில் நிறுத்துவார்கள். சாலையோரக் கழிப்பறைகள் இலவசம், சுத்தம்.

தாமதமாக வந்தால் காத்திருப்பார்களா?

காத்திருக்க மாட்டார்கள் என்றே வைத்துக்கொள்ளுங்கள். 2.30 என்றால் 2.30க்கு பஸ் நகரும், நீங்கள் 2.25க்கே இருக்கையில் இருக்க வேண்டும். இறங்கும்போது பஸ்ஸின் எண் பலகையைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள், ஒரே மாதிரி ஐந்தாறு பஸ் நிற்கும்.

வழிகாட்டி என்ன மொழியில் பேசுவார்? டிப்ஸ் கொடுக்க வேண்டுமா?

ஆங்கிலம் அல்லது சீனம், சில டூர்களில் இரண்டும். இரண்டு மொழி என்றால் விளக்கம் பாதியாகச் சுருங்கும், ஆங்கிலம் மட்டும் உள்ளதைத் தேடுங்கள். டிப்ஸ் அங்கே வழக்கம் இல்லை. வாய் நிறைய நன்றி சொல்லுங்கள், போதும். சிறு கடைகளுக்குச் சில்லறையாக யென் வைத்திருங்கள். குப்பைத்தொட்டி அரிது, ஒரு பையில் போட்டுத் திரும்பக் கொண்டுவர வேண்டும்.

சுனாமி பயம் இருக்கிறது. கடலோரமாகப் போகலாமா?

2004ஐ அனுபவித்த நமக்கு இந்தப் பயம் இயல்பு. சுனாமி என்பதே ‘துறைமுக அலை’ என்று பொருள்படும் ஜப்பானியச் சொல்தான். இந்தப் பகுதியிலும் 1927இல் பெரிய நிலநடுக்கம் வந்து ஏறக்குறைய மூவாயிரம் பேர் உயிரிழந்தனர். பஸ்ஸை விட்டு இறங்கியதும் உயரமான இடத்துக்குப் போகும் வழிப்பலகை எங்கே என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். நிலம் பலமாகவோ நீண்ட நேரமாகவோ ஆடினால் எச்சரிக்கைக்குக் காத்திருக்காமல் மேட்டுக்கு ஏறிவிடுங்கள். இரண்டு ஊரிலும் மலை பக்கத்திலேயே இருக்கிறது. ஆம்புலன்ஸுக்கு 119, போலீசுக்கு 110.

டோக்கியோவில்தான் தங்குகிறோம். இதே மாதிரி ஏதாவது?

கமகுராவும் எனோஷிமா தீவும். டோக்கியோவில் இருந்து ரயிலில் ஒரு மணி நேரம்தான், வழிகாட்டி இல்லாமலே போகலாம். கமகுராவின் வெண்கலப் புத்தர் சுமார் 11 மீட்டர் உயரம், 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவர். அங்கிருந்து கடலை ஒட்டி ஓடும் எனோடென் ரயில் 1902 முதல் ஓடுகிறது. எனோஷிமாவில் குடியிருக்கும் பென்ஸைதென் வேறு யாரும் அல்ல, பௌத்தத்தோடு கடல் கடந்து போன நம் சரஸ்வதி. கையில் பிவா என்ற நரம்பிசைக் கருவி இருக்கும்.

ஊருக்கு என்ன வாங்கி வரலாம்?

தாங்கோ சிரிமென் என்ற சுருக்கப் பட்டு இந்தப் பகுதியில் முந்நூறு ஆண்டுகளாக நெய்யப்படுகிறது. முழுத் துணி விலை அதிகம், சிறு பணப்பையும் கைக்குட்டையும் அடக்கமான விலையில் கிடைக்கும். இனேவில் 1754இல் தொடங்கிய முகாய் மதுவடிப்பகம் இருக்கிறது. பழைய வகைச் சிவப்பரிசியில் அவர்கள் வடிக்கும் ‘இனே மன்கை’ என்ற சாகே ரோஜா நிறத்தில் இருக்கும். வாங்கினால் விமானத்தில் கைப்பையில் வைக்க முடியாது, துணிக்குள் சுற்றிப் பெரிய பெட்டியில் போட்டுவிடுங்கள். இந்தியாவுக்கு ஓர் ஆள் 2 லிட்டர் வரை மது கொண்டுவரச் சுங்கவரி இல்லை.